கிழமேல் மூன்றரை அடி

அப்பா கூண்டில் ஏறி நின்ற அன்று எதிர்த்தரப்பு வக்கீல் மிகவும் மரியாதையாகத்தான் கேட்டார். "ஐயா, எல்லையில வரிசையா பனமரம் நின்னுச்சுன்னு சொல்றீங்க. அது உங்க பிராதுல எங்க இருக்குன்னு கொஞ்சம் காட்டுங்க."

அப்பா எங்கள் வக்கீலைப் பார்த்தார். வக்கீல் கட்டைப் பிரித்துப் புரட்டினார். இல்லை. எங்கள் பக்கம் ஐம்பது வயதைத் தாண்டிய யாரைக் கேட்டாலும் அந்தப் பனை வரிசையைச் சொல்வார்கள். ஆனால் நாங்கள் போட்ட பிராதில், அதாவது வழக்கு மனுவில், பனை என்ற சொல்லே கிடையாது. பிராதில் சொல்லாத ஒன்றைக் கூண்டில் ஏறிச் சொன்னால் கோர்ட் அதைக் கணக்கில் எடுத்துக்கொள்ளாது என்பது அன்றைக்கு எங்கள் இருவருக்கும் தெரியாது. அப்பா, "நான் பொய் சொல்லலீங்க" என்றார். அவர் பொய் சொல்கிறார் என்று யாரும் சொல்லவே இல்லை. அதுதான் எனக்கு வேதனையாக இருந்தது.

விஷயம் இதுதான். எங்கள் நிலம் தென்வடலாக நீண்டு கிடப்பது, ஏறக்குறைய அறுநூறு அடி. மேற்கே வண்டிப்பாதை, கிழக்கே அடுத்தவர் நிலம், நடுவில் ஒரு வரப்பு. தாத்தா 1961-ல் கிரயம் வாங்கிய பத்திரத்தில் 1 ஏக்கர் 62 சென்ட். 2009-ல் கிழக்கு நிலம் கைமாறியது. வாங்கியவர் தனியார் சர்வேயரை வைத்து அளந்து, அடுத்த வருடம் தொடக்கத்தில் வரப்புக்கு இந்தப் பக்கம் மூன்றரை அடி உள்ளே வந்து கல்கால் நட்டுக் கம்பி இழுத்துவிட்டார். கேட்கப் போனால் எங்கள் பட்டாவையே எடுத்துக் காட்டினார். அதில் 0.63.5 ஹெக்டேர். ஒரு ஹெக்டேருக்கு 247 சென்ட் என்று போட்டால் 157 சென்ட்தான் வருகிறது. "உங்களுக்கு ஒண்ணு அம்பத்தேழுதாங்க பாத்தியம். மிச்சம் அஞ்சு சென்ட் எங்கிட்ட இருந்து வந்தது" என்றார்.

ஐந்து சென்ட் என்றால் 2,178 சதுர அடி. அறுநூறால் வகுத்தால் மூன்றரை அடிக்குக் கொஞ்சம் மேலே. அவர் கணக்கு சரியாக இருந்தது. எரிச்சலே அதில்தான்.

பட்டா நம் பெயரில் இருந்தால் நிலம் நம்முடையது என்று நினைக்கிற வீட்டில்தான் நானும் வளர்ந்தேன். பட்டா வருவாய்த் துறையின் கணக்கு. யாரிடம் தீர்வை வாங்குவது, யார் அனுபவத்தில் நிலம் இருக்கிறது என்பதற்கான பதிவு. அது உரிமையைக் கொடுக்காது, பிடுங்கவும் பிடுங்காது. உச்ச நீதிமன்றம் இதைத் திரும்பத் திரும்பச் சொல்லியிருக்கிறது. தமிழ்நாடு பட்டா பாஸ் புத்தகச் சட்டம் 1983-ம் அப்படித்தான். பட்டாப் பதிவால் உரிமைக்குப் பாதிப்பு என்று நினைப்பவர் சிவில் கோர்ட்டில் விளம்புகை வழக்கு, அதாவது உரிமையை அறிவிக்கக் கேட்கும் வழக்கு, போடலாம் என்று அதன் 14-ம் பிரிவே வழிவிட்டிருக்கிறது. எண்பதுகளில் யூடிஆர் என்ற நிலப் பதிவேடு புதுப்பிப்பு நடந்தபோது ஏக்கர், சென்ட் எல்லாம் ஹெக்டேர், ஏர்ஸ் ஆனது. அந்தச் சமயத்தில் பெயர் மாறியது, பரப்பு குறைந்தது, உட்பிரிவு புரண்டது என்று இன்றும் மனு எழுதிக்கொண்டிருக்கிற குடும்பங்கள் எத்தனையோ.

அப்படியானால் பத்திரம்? அதுவும் முழுச் சாவி இல்லை. 1908-ம் ஆண்டுப் பதிவுச் சட்டம் பதிவு செய்வது ஆவணத்தை; அந்த ஆவணத்தில் விற்றவருக்கு விற்க உரிமை இருந்ததா என்பதைப் பதிவகம் உத்தரவாதம் செய்வதில்லை. தெற்கு ஆஸ்திரேலியாவில் 1858-ல் ராபர்ட் டாரன்ஸ் கொண்டுவந்த முறையில் அரசுப் பதிவேட்டில் பெயர் ஏறிவிட்டால் அதுவே உரிமை. நம்மிடம் அது இல்லை. தாய்ப் பத்திரம், அதற்கு முந்தைய பத்திரம், பாகப்பிரிவினை, வில்லங்கச் சான்று என்று பின்னோக்கி நடந்து நடந்து உரிமையைக் கட்டிக் காட்ட வேண்டும். அதற்குத்தான் கோர்ட்.

முதலில் நாங்கள் கோர்ட்டுக்குப் போகவில்லை. தாலுகா அலுவலகத்தில் பணம் கட்டி நில அளவருக்கு மனுக் கொடுத்தோம். வந்தார், சங்கிலியைப் பிரித்தார், கிழக்குக்காரர் ஆட்சேபணை சொன்னார், சங்கிலியைச் சுருட்டிக்கொண்டு, "ரெண்டு பேரும் ஒத்துக்கலைன்னா சிவில் கோர்ட்டுக்குத்தான் போகணும்" என்று போய்விட்டார். அவரைக் குறை சொல்லவும் முடியாது.

முன்சீப் கோர்ட்டில் அப்பா போட்டது நிரந்தர உறுத்துக்கட்டளை வழக்கு. எங்கள் அனுபவத்தில் தலையிடக் கூடாது என்று எதிராளிக்குத் தடை கேட்பது. எங்கள் பழைய வக்கீல், "சுவாதீனம் நம்மகிட்ட இருக்கு, இன்ஜங்ஷன் போதும்" என்றார். சுவாதீனம் என்றால் நிலம் கையில் இருப்பது. செலவும் குறைவு, நிரூபிக்க வேண்டியதும் குறைவு. பாதி ஊர் இப்படித்தான் வழக்குப் போடுகிறது என்று பிறகு தெரிந்துகொண்டேன். ஆனால் வேலி ஏற்கெனவே எழுந்துவிட்டது. அந்த மூன்றரை அடி எங்கள் கையில் இல்லை. கையில் இல்லாத நிலத்துக்கு 'தலையிடாதே' என்று எப்படித் தடை வாங்குவது? பிராதில் வேலியைப் பற்றி ஒரு வரி இல்லை. 'வேலி போட முயற்சிக்கிறார்' என்று இருந்தது. இடைக்கால மனுவில் கோர்ட் 'இருக்கும் நிலை அப்படியே தொடரட்டும்' என்று உத்தரவு போட்டது. அப்பா அதைக் கேட்டு மகிழ்ந்துபோய் வீட்டுக்கு வந்தார். இருக்கும் நிலை என்றால் வேலி இருக்கும் நிலை என்று அவருக்கு எடுத்துச் சொன்னபோது நாங்கள் இருவரும் ஒரு நாள் முழுக்கப் பேசிக்கொள்ளவில்லை.

இன்னொரு கதவும் அப்போது திறந்திருந்தது. ஒருவரை அவர் சம்மதமில்லாமல், சட்டப்படியான வழியில் அல்லாமல் நிலத்திலிருந்து வெளியேற்றினால், குறிப்பிட்ட பரிகாரச் சட்டம் (Specific Relief Act) 6-ம் பிரிவில் வழக்குப் போட்டு, உரிமை யாருக்கு என்ற பேச்சே இல்லாமல் சுவாதீனத்தைத் திரும்பக் கேட்கலாம். கெடு ஆறு மாதம். அந்தப் பிரிவின் எண் எங்கள் காதில் விழுந்தபோது ஆறு மாதம் போய் ஆறு வருடம் ஆகியிருந்தது.

தீர்ப்பு 2014-ல் வந்தது. வழக்குத் தள்ளுபடி. நகல் வாங்கி நான் வரிவரியாகப் படித்தேன். நீதிபதி எங்களைத் திட்டவில்லை. பிரதிவாதி எங்கள் உரிமையையே மறுத்து எதிருரை போட்டிருக்கிறார், அப்போதே உரிமையை விளம்பும்படி கேட்டிருக்க வேண்டும், கேட்கவில்லை. வழக்குச் சொத்தையும் அடையாளம் காட்டவில்லை. உரிமை பற்றி இந்த வழக்கில் முடிவு சொல்லவில்லை, தனி வழக்கில் பார்த்துக்கொள்ளலாம். இவ்வளவுதான் சாரம். 2008-ல் உச்ச நீதிமன்றம் அனதுல சுதாகர் எதிர் புச்சி ரெட்டி வழக்கில் இதைத் தெளிவாகவே பிரித்து வைத்திருக்கிறது: உரிமைமேல் தகராறு இல்லாமல் வெறும் தொந்தரவு என்றால் தடை மட்டும் கேட்கலாம், உரிமைமேலேயே நிழல் விழுந்துவிட்டால் விளம்புகை கேட்க வேண்டும், சுவாதீனமும் போய்விட்டால் அதையும் சேர்த்துக் கேட்க வேண்டும். எங்கள் வழக்குக்கு இரண்டு வருடம் முந்தைய தீர்ப்பு.

இரண்டாவது வழக்குக்கு நாங்கள் போய்ப் பார்த்த வக்கீல் ஒரு பெண், வயதில் என்னைவிடச் சின்னவர். கட்டை வாங்கிக்கொண்டு ஒரு வாரம் கழித்து வரச் சொன்னார். போனதும் கேட்ட முதல் கேள்வி: "சார், உங்களுக்கும் அவருக்கும் இடையில இருக்கிறது உரிமைத் தகராறா, எல்லைத் தகராறா?"

ரெண்டும் ஒன்றுதானே மேடம் என்றேன்.

"அவரு உங்க நிலத்தை அவரோடதுன்னு சொல்றாரா? இல்ல, உங்க நிலம் இதோட முடியுதுன்னு சொல்றாரா?"

ஐந்து வருடத்தில் எங்களை யாரும் கேட்காத கேள்வி. அவர் பத்திரம் செல்லும் என்று நாங்கள் ஒத்துக்கொள்கிறோம். எங்கள் பத்திரம் செல்லும் என்று அவர் ஒத்துக்கொள்கிறார். இரண்டு பத்திரமும் நல்ல பத்திரம். கோடு எங்கே என்பதுதான் சண்டை. உரிமைச் சண்டைக்குத் தாய்ப் பத்திரம் வரை போக வேண்டும். எல்லைச் சண்டைக்குத் தரைக்கும் போக வேண்டும். நாங்கள் இரண்டும் செய்யாமல் சாட்சி வைத்து நிரூபிக்கப் பார்த்திருக்கிறோம்.

பிறகு சொத்து விவரத்தை எடுத்து வைத்தார். எந்தப் பிராதின் கடைசியிலும் இருக்கும் அந்தப் பகுதி. அசையாச் சொத்து என்றால் அதை அடையாளம் காணும்படி விவரிக்க வேண்டும், எல்லையோ சர்வே எண்ணோ இருந்தால் அவற்றைக் குறிப்பிட வேண்டும் என்பது உரிமையியல் நடைமுறைச் சட்டம், கட்டளை 7 விதி 3. எங்கள் பழைய பிராதில் முழு நிலமும் சொத்து விவரமாக இருந்தது. தகராறில் இருக்கும் மூன்றரை அடி எங்கேயும் இல்லை. செக்குபந்தி, அதாவது நான்கெல்லை விவரம், பத்திரத்தில் இருந்து அப்படியே எழுதியது. அதில் கிழக்கே இன்னார் நிலம் என்று இருக்கிறது. அவருடைய பத்திரத்தை வாங்கிப் பார்த்தால் மேற்கே எங்கள் தாத்தா நிலம் என்று இருக்கிறது. இரண்டையும் சேர்த்து வைத்து எத்தனை தடவை படித்தாலும் கோடு எங்கே என்று தெரியாது. பரப்புக்கும் நான்கெல்லைக்கும் முரண்பாடு வந்தால் பொதுவாக எல்லைதான் நிற்கும், பரப்பு நிற்காது என்பது பழைய விதி. வாங்கியது 'இதற்கு உட்பட்டது' என்று, 'இத்தனை சென்ட்' என்று இல்லை. ஆனால் எல்லையே இன்னொருவர் பெயராக இருக்கும்போது அந்த விதி நமக்கு என்ன செய்யும்?

தகராறு நிலத்தை மட்டும் தனி அயிட்டமாகப் பிரித்து, கிழமேல் மூன்றரை அடி, தென்வடல் அறுநூறு அடி என்று எழுதி, மாதிரிப் படம் இணைத்து, விளம்புகை, சுவாதீனம், வேலியை அகற்ற கட்டாய உறுத்துக்கட்டளை மூன்றையும் கேட்டு 2015-ல் வழக்கு நம்பரானது. காலக்கெடு பற்றி எனக்கு அரைகுறைப் பயம் இருந்தது. விளம்புகை மட்டும் என்றால் மூன்று வருடம்தான். உரிமையின் அடிப்படையில் சுவாதீனமும் கேட்கும்போது காலவரையறைச் சட்டத்தின் 65-ம் உறுப்பு, பன்னிரண்டு வருடம். வேலி வந்து ஐந்து வருடம்தான் ஆகியிருந்தது, தப்பித்தோம்.

நான் ஒரு புத்திசாலித்தனம் செய்யப் பார்த்தேன். வரப்பு வரை நாற்பது ஐம்பது வருடமாக உழுதிருக்கிறோமே, எதிரிடை அனுபவம் என்றும் சேர்த்துப் போடலாமே என்றேன். வக்கீல் சிரித்தார். எதிரிடை அனுபவம் கேட்டால் அந்தத் துண்டு அவருடையது என்று முதலில் ஒத்துக்கொள்ள வேண்டும். அவருக்குத் தெரியும்படி, அவருக்கு எதிராக, பன்னிரண்டு வருடம் இடைவிடாமல் வைத்திருந்தோம் என்று காட்ட வேண்டும். "ஒரே வாயில இது எங்களோடது, இது உங்களோடது, ரெண்டையும் சொல்ல முடியாது சார்."

2017-ல் அப்பா போய்விட்டார். காரியம் முடிந்த மறுவாரம் வக்கீல் ஆபீசிலிருந்து போன் வந்தது: வாரிசுகளைச் சேர்க்கும் மனு தொண்ணூறு நாளுக்குள் போட வேண்டும், இல்லாவிட்டால் வழக்கு அற்றுப்போகும். அப்பாவின் பெயருக்கு எதிரே 'இறந்துவிட்டார்' என்று சிவப்பு மையில் எழுதி, கீழே அம்மாவும் நானும் தங்கையும் இரண்டாவது, மூன்றாவது, நான்காவது வாதிகள் ஆனோம்.

கமிஷன் நாளைப் பற்றிச் சொல்ல வேண்டும். இத்தனை வருடத்தில் கோர்ட் எங்கள் நிலத்துக்கு வந்தது அந்த ஒரு நாள்தான். கட்டளை 26 விதி 9-ன்கீழ் மனுப் போட்டால் வக்கீல் ஒருவரை ஆணையராக அனுப்புவார்கள். அரசு நில அளவர் துணையோடு அளந்து, அறிக்கையும் படமும் தாக்கல் செய்வார். யார் சுவாதீனத்தில் இருக்கிறார்கள் என்று துப்பறிய அவரை அனுப்ப முடியாது; அதைக் கட்சிக்காரர்தான் சாட்சியத்தால் நிரூபிக்க வேண்டும். ஆனால் எல்லை எங்கே என்ற சண்டைக்கு அளப்பதைவிட நல்ல சாட்சி எது? ஹரியானா வக்ஃப் வாரியம் சம்பந்தப்பட்ட வழக்கில் 2008-லேயே உச்ச நீதிமன்றம் இதே காரணத்துக்காக ஆணையரை நியமித்திருக்க வேண்டும் என்று சொல்லியிருக்கிறது. எங்கள் முதல் வழக்கில் நான்கு வருடம் யாரும் இந்த மனுவைப் போடவில்லை.

ஆணையர் இளைஞர், வெள்ளைச் சட்டையைக் காப்பாற்றப் பெரும்பாடு பட்டார். அளவர் ஓய்வுபெறும் வயதில் இருந்தார். வந்ததும் எங்கள் வரப்பையும் பார்க்கவில்லை, வேலியையும் பார்க்கவில்லை. புலப்படத்தை விரித்து, "கல்லு எங்க?" என்றார். நான் வேலியின் கல்காலைக் காட்டினேன். "அது அவரு நட்டது. நான் கேக்கிறது சர்க்கார் நட்டது."

எஃப்.எம்.பி. என்று எல்லோரும் சொல்கிற புலப்படத்தில் ஒரு மூலைக் கல்லிலிருந்து எதிர் மூலைக் கல்லுக்கு ஒரு நேர்கோடு போகும். அந்தக் கோட்டில் இத்தனை தூரம் நடந்து, அங்கிருந்து செங்குத்தாக இத்தனை தூரம் போனால் எல்லையில் ஒரு வளைவு வரும் என்று அளவுகள் எழுதியிருக்கும். ஆகவே முதலில் இரண்டு கல்லாவது இருந்த இடத்தில் இருக்க வேண்டும். ஒன்றை மட்டும் நம்பி அளந்தால் தப்பு முழுக்க நம் தலையில் இறங்கும். வடகிழக்குக் கல் கிடைத்தது, வாய்க்கால் கரையில் பாதி புதைந்து. தென்மேற்குக் கல்லைக் காணோம். அளவர் படத்தைப் பார்த்துவிட்டுப் பக்கத்துப் புலத்தின் கல்லிலிருந்து அளந்து வந்து எங்கள் வேலியோரத்தில் ஓர் இடத்தில் நின்றார். "இங்க தோண்டுங்க."

அந்த இடம் எங்கள் மேற்கு முள்வேலிக்கு உள்ளே இருந்தது. வண்டிப்பாதைப் பக்கம் இல்லை. நான் இடம் தப்பு என்று சொல்லப் போனேன். கடப்பாரை இரண்டடி ஆழத்தில் டணீர் என்றது. மேலே குறி வெட்டிய பழைய கல்.

கல் எங்கள் வேலிக்கு இரண்டடி உள்ளே இருந்தது. அப்படியானால் தாத்தா காலத்திலோ அப்பா காலத்திலோ எங்கள் வேலி இரண்டடி வண்டிப்பாதைப் புறம்போக்கில் நகர்ந்து உட்கார்ந்திருக்கிறது. கிழக்குக்காரருடைய தனியார் சர்வேயர் 2009-ல் என்ன செய்திருக்கிறார் என்பதும் அப்போதுதான் புரிந்தது. கல்லைத் தேடவில்லை. எங்கள் முள்வேலியை எங்கள் மேற்கு எல்லை என்று வைத்துக்கொண்டு, பட்டாப் பரப்புக்கு 114 அடி அகலம் அளந்து, அங்கே வேலி போடச் சொல்லிவிட்டார். நாங்கள் பாதையில் ஏறிய இரண்டடி அப்படியே கிழக்கே வந்து எங்கள் மார்பில் குத்தியிருக்கிறது.

மாலை நான்கு மணிக்குக் கிழக்கு எல்லை விழுந்தது. எங்கள் வரப்புக்கு மேற்கே ஒன்றரை அடியில். அவர் வேலிக்குக் கிழக்கே இரண்டடியில். அளவர் சுண்ணாம்புத் தூள் தூவிக்கொண்டே போக, கோடு இருவருக்கும் பிடிக்காத இடத்தில் நேராக ஓடியது. கிழக்குக்காரர் என் பக்கத்தில்தான் நின்றார். எட்டு வருடத்தில் அவ்வளவு அருகில் நின்றதில்லை. "என்னண்ணே இது" என்றேன், அறியாமல் வாயில் வந்துவிட்டது. அவர் பதில் சொல்லவில்லை, ஆனால் முகத்தைத் திருப்பவும் இல்லை.

அறிக்கைக்கு இரு தரப்பும் ஆட்சேபணை போட்டோம். அது ஒரு சடங்கு. ஆணையரின் அறிக்கை வழக்கில் சாட்சியமாகிவிடும், வேண்டுமென்றால் அவரைக் கூண்டில் ஏற்றி விசாரிக்கலாம். விசாரித்து என்ன கேட்பது? கல் அங்கே இல்லை என்றா?

அதற்குப் பிறகு நடந்ததில் கதை அதிகம் இல்லை. முதலில் வக்கீல்கள் பேசினார்கள், பிறகு நாங்கள். அளவர் கோட்டையே எல்லையாக ஏற்பது. அவர் வேலியை இரண்டடி பின்னால் நகர்த்துவது. ஒன்றரை அடி வரப்பை நாங்கள் விடுவது. தங்கைக்கு இதில் வருத்தம். அப்பா ஏழு வருடம் எதற்காக அலைந்தார் என்று கேட்டாள். எனக்குப் பதில் இல்லை. மேல்முறையீடு, இரண்டாம் மேல்முறையீடு, பிறகு நிறைவேற்று மனு, உத்தரவை நடத்திவைக்க வரும் கோர்ட் அமீனா என்று மிச்சமிருக்கும் படிகளை மட்டும் சொன்னேன். வண்டிப்பாதையைச் சமாதானத்தில் சேர்க்கவில்லை. அது எங்கள் இருவருக்கும் சொந்தமில்லாததால் பேரம் பேசவும் முடியாது. மேற்கு முள்வேலியை நாங்களே ஆள் வைத்துப் பிடுங்கிக் கல்லுக்கு இந்தப் பக்கம் நட்டோம். அதற்கு யாரும் உத்தரவு போடவில்லை.

கட்டளை 23 விதி 3-ன்கீழ் சமாதானத்தை எழுத்தில் போட்டு எல்லோரும் கையெழுத்திட வேண்டும். வக்கீல் ஒன்றில் மட்டும் கறாராக இருந்தார்: வழக்குச் சொத்துக்கு வெளியே ஒரு சதுர அடி உள்ளே வந்தாலும் பதிவுச் சட்டம் 17-ம் பிரிவின்படி டிகிரியை, அதாவது தீர்ப்பாணையை, பதிவு செய்ய வேண்டி வரும். ஆகவே தகராறு துண்டும், அதைப் பிரிக்கும் கோடும், ஆணையரின் படமும் மட்டும்.

வரைவு டிகிரியைப் பார்க்க 2019-ல் ஒரு வெள்ளிக்கிழமை கூப்பிட்டார்கள். பத்து வருடத்தில் நான் கற்றுக்கொண்டது ஒன்றுதான், நேராகக் கடைசிப் பக்கத்துக்குப் போவது. சொத்து விவரம். சர்வே எண் சரி. உட்பிரிவு சரி. நான்கெல்லை, இந்தத் தடவை பெயர்கள் இல்லாமல், கல்லுக்குக் கல் மீட்டர் கணக்கு. அதற்குக் கீழே: தென்வடல் இரண்டடி, கிழமேல் அறுநூறு அடி.

மறுபடி படித்தேன். விரலை வைத்துப் படித்தேன். பெஞ்ச் கிளார்க்கிடம் கொண்டுபோய்க் காட்டினேன். எழுத்துப் பிழை என்றால் 152-ம் பிரிவில் பிறகுகூடத் திருத்திக்கொள்ளலாம் சார், மனுப் போட்டால் போதும் என்றார். இல்லீங்க, இப்பவே மாத்திடுங்க என்றேன். அவர் என்னை ஒரு தரம் ஏற இறங்கப் பார்த்துவிட்டு, டைப்பிஸ்டைக் கூப்பிட்டார். அந்தப் பக்கம் மறுபடி அடித்து முடியும்வரை மேசை ஓரமாக நின்றுகொண்டிருந்தேன்.